வாய்தாவுக்கு ஒரு காமிக்ஸ்

எனக்குப் பத்து வயதானபோது அப்பா திருச்சி ஜெயிலில் இருந்தார். அறுப்புக்கூலித் தகராறில் பண்ணை வெளியூர் ஆட்களை இறக்கியது. அவர்களிடம் பேச வயலுக்குப் போன அப்பாமேல் அடிதடி வழக்கு. அதன்பின் பயத்தில் யாரும் எங்கள் வீட்டுக்கு வருவதில்லை. பள்ளிக்கூடத்தில் என் பக்கத்தில் இருந்தவள் வேறு பெஞ்சுக்குப் போய்விட்டாள்.

வழக்கு தள்ளிப்போகும் ஒவ்வொரு வாய்தாவுக்கும் அம்மா மயிலாடுதுறை கோர்ட்டுக்குப் போய் அப்பாவைப் பார்த்து வருவாள். திரும்பும்போது பழைய புத்தகக் கடையில் எனக்கொரு காமிக்ஸ் வாங்குவாள். அவளுக்குப் படிக்கத் தெரியாது. அட்டையில் எனக்குப் பிடித்த முகமூடிக்காரன் இருந்தால் எடுத்துவிடுவாள்.

அதனால் அவன் கதை எனக்கு முன்பின்னாகத்தான் கிடைத்தது. ஒரு வாய்தாவில் ஒல்லியாக, துணி முகமூடியோடு கயிற்றில் தொங்கினான். அடுத்ததில் தோள் புடைத்துப் பறந்தான். இன்னொன்றில் கல்யாணமே ஆகியிருந்தது. அதற்கடுத்த வாய்தாவில் மறுபடி பள்ளிக்கூடம் போனான். வரைபவர் மாறினால் அவன் மூக்கும் மாறும். அம்மா பக்கத்து ஊருக்கு நடவுக்குப் போனபின் அவன் வசனங்களை வாய்விட்டுப் படிப்பேன். வீட்டில் ஏதாவது ஒரு குரல் கேட்க வேண்டியிருந்தது.

மறுவருஷம் வழக்கு நிற்காமல் அப்பா வீடு வந்தார். பேச்சு குறைந்திருந்தது. சில வருஷம் கழித்து முகமூடிக்காரன் தமிழ் பேசும் படமாக வந்தபோது நான்தான் அப்பாவை அழைத்துப் போனேன். திரையில் அவனுக்கு நிறம் வந்திருந்தது. நான் கொடுத்திருந்த குரல் இல்லை. யாரோ வேடிக்கையாகப் பேசினார். அரைமணி நேரத்தில் முகமூடியையும் கழற்றிவிட்டான். எனக்கு அழுகை வந்தது.

இடைவேளையில் அப்பா கேட்டார்: "ஏன் பாப்பா, இவன் யார்ட்டயும் சொல்லிக்காம தனியாவே போறானே?"

"கதையே அப்படித்தாம்ப்பா."

அப்பா வெறும் திரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார்:

"நானும் அன்னிக்கு வயலுக்குத் தனியாத்தான் போனேன். கூப்பிட்டிருந்தா நாலு பேர் வந்திருப்பாங்க. அவங்களுக்கு ஒண்ணும் ஆயிடக் கூடாதுன்னு நெனச்சேன். உன்னையும் அம்மாவையும் நெனைக்கல."

வழக்கைப் பற்றி அவர் என்னிடம் பேசியது அவ்வளவுதான். அவர் கையைப் பிடித்துக்கொண்டேன்.

அதன்பின் மூன்று நடிகர்கள் மாறிவிட்டார்கள். துணி உடுப்பு உலோகமாயிற்று. வேடிக்கை பேசியவன் இறுகிப்போனான். இரண்டாவது நடிகர் வந்தபோதே அப்பா இல்லை. தஞ்சாவூருக்கு வேலைக்கு வந்தபின் ஒவ்வொரு படத்தையும் ஒற்றை டிக்கெட்டில் பார்க்கிறேன். கடைசியாக வந்ததில் அவனுக்கு நரைத்திருந்தது. முழங்காலைப் பிடித்துக்கொண்டு மாடிப்படி ஏறினான். பின்வரிசையில் சிரித்தார்கள். எனக்கு அந்த இடம்தான் பிடித்திருந்தது. வெளியே வந்து சொல்ல யாருமில்லை.