டிக்‌ஷனரி அக்காவின் குரல்

வளையல்களைக் கழற்றிக் கைக்குட்டையில் சுற்றிக் கைப்பைக்குள் போடுவாள். ஒலிப்பதிவு அறையின் கண்ணாடிக் கதவைத் தாண்டி ஆள் நுழையலாம், ஓசை நுழையக் கூடாது. ஒரு வாய் வெந்நீர், ஒரு துண்டு ஆப்பிள். பிறகு மைக்கைப் பார்த்து நிமிர்ந்து உட்காருவாள். ஒரு நாள், "போர்பரிக்மஸ். வயிறு கடமுடவென்று உருளும் சத்தம்" என்று சொல்லி முடித்தாள். பசியில் அவள் வயிறே உருண்டது. பதிவு போச்சு.

"ஏன்க்கா, உதாரணமும் நீங்களே குடுக்கணுமா?" என்று வெளியிலிருந்து சிரித்தார் ஒலிப்பதிவாளர்.

செல்போன் அகராதியில் யாரும் கேள்விப்படாத ஆங்கிலச் சொல்லைத் தொட்டால் உச்சரிப்பும் பொருளும் சொல்வது இவள் குரல்தான். ஆளை ஜன்னல் வழியே தூக்கி எறிவதற்கென்றே ஒரு சொல் இருப்பது தெரிந்த நாளிலிருந்து, கணவர் மேல் கோபம் வந்தால் ஜன்னலைக் கண்ணால் காட்டுகிறாள். தெரியாத விஷயத்துக்கெல்லாம் கருத்துச் சொல்லும் கொழுந்தனுக்கு, "வாங்க, அல்ட்ராக்ரெபிடேரியன்!" என்று வரவேற்பு. அவரோ ஏதோ பட்டம் என்று பூரித்துப்போகிறார். வீட்டில் பேச்சு அவ்வளவுதான், மற்றதெல்லாம் சைகை. "இந்தத் தொண்டைதாங்க என் சோறு. இங்கயே கத்தித் தீர்த்துட்டா அங்க எதை வெச்சுப் பேசறது?" என்பாள்.

அந்தத் தொண்டையில்தான் இப்போது கட்டி. நாளை மறுநாள் ஆபரேஷன். "பழைய குரல் அப்படியே வருமான்னு இப்ப சொல்ல முடியாதும்மா" என்றுவிட்டார் டாக்டர். அவள் ஸ்டூடியோவில் மூச்சு விடவில்லை.

ஆனால் அங்கே ஒரு வழக்கம் உண்டு. முந்தைய பதிவை ஓடவிட்டு, அதே தொனிக்குக் குரலைச் சேர்த்த பிறகுதான் வேலை தொடங்கும். இன்று ஓடவிட்டார்கள். அவள் பேசினாள். மறுபடி ஓடவிட்டார்கள். எவ்வளவு முக்கியும் கரகரப்புதான் வந்தது. வேறு வழியில்லாமல் ஆபரேஷனைச் சொன்னாள். ஒலிப்பதிவாளர் தலையைக் குனிந்துகொண்டார். அவர் பக்கத்தில் நின்ற மேனேஜர் பேசினார்:

"சிரமப்படாதீங்க மேடம். உங்க பழைய குரலை வெச்சு மிச்சத்தை மெஷினே பேசிடும். உங்களுக்குச் சம்மதம்னு ஒரு 'சரி' மட்டும் சொல்லுங்க, பதிவு பண்ணிக்கறோம்."

"குணமாகி நான் திரும்பி வந்தா?"

"அப்ப பார்த்துக்கலாம் மேடம்."

அப்போது பார்ப்பதற்கு என்ன மிச்சம் இருக்கும்? அவள் நாற்காலியில் அவள் குரலே சட்டமாக உட்கார்ந்திருக்கும். அவளுக்கு ஆத்திரம் வந்தது.

சிவப்பு விளக்கு எரிந்தது. "சொல்லுங்கக்கா" என்றார் ஒலிப்பதிவாளர், அவள் முகத்தைப் பார்க்காமல்.

இதுவரை வாயில் நுழையாத சொற்களையெல்லாம் ஒரே மூச்சில் சொல்லிவந்தவள், அந்த ஒரு 'சரி'யைச் சொல்லாமல் உதட்டை இறுக மூடிக்கொண்டாள். கைப்பையிலிருந்து கைக்குட்டையை எடுத்து அவிழ்த்தாள். வளையல்களை ஒவ்வொன்றாக மாட்டிக்கொண்டு, மைக்குக்கு நேரே கையை நீட்டி, கலகலவென்று ஓர் உலுக்கு உலுக்கினாள்.