களிமேல் இரண்டு விரல் சோறு

எனக்கு எழுபத்திரண்டு வயது. பெற்றது ஐந்து, ஐந்தையும் வளர்த்து ஆளாக்கினேன். வாரா வாரம் இந்தப் பத்தியில் உங்களிடம் இந்தப் பெருமையைப் பேசுகிறவள்தானே நான்? இந்த வாரம் அதே பெருமை என் காலை வாரிவிட்டது.

முந்தாநாள் காலையில் செல்வி என்ற பெண் வீடியோ கேமராவோடு ஆம்பூரில் எங்கள் வீட்டுக்கு வந்தாள். டாக்குமென்டரி எடுக்கிறவள். குறைந்த செலவில் உடம்புக்குத் தெம்பு தரும் சாப்பாடு எது என்று படம் எடுத்து, ஷூ கம்பெனி கேன்டீனில் போட்டுக் காட்டப் போகிறாளாம். அங்கே பெண்கள் டீயும் பன்னும் தின்றுவிட்டு மெஷின் மேலேயே மயங்கிச் சாய்கிறார்கள்.

"ஆயா, அஞ்சு புள்ளைங்களுக்கும் இன்னா போட்டு வளத்தீங்க?"

கேமராவில் சிவப்பு விளக்கு எரிந்தது. என் வாய் என்ன சொன்னது தெரியுமா?

"அரிசிச் சோறுதாம்மா. என் வீட்ல ஒரு நாளும் கம்மி கெடையாது."

பக்கத்தில் என் கடைசி மகள் மேரி. அதே கம்பெனியில் தையல் மெஷினில் இருக்கிறாள். ஷிப்டுக்குக் கிளம்பி, சாப்பாட்டுப் பையோடு நின்றிருந்தாள். என்னை ஒரு பார்வை பார்த்தாள்.

செல்வி கேமராவை நிறுத்தினாள். "இந்தத் தெருவுல பத்து வீடு கேட்டுட்டேன் ஆயா. எல்லாரும் அரிசிதான்றாங்க. கேவுரு சாப்ட்டு வளந்தவங்க ஒருத்தர்கூட இல்லியா?"

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இந்தத் தெருவிலா இல்லை? அப்போதெல்லாம் எந்த வாசலில் நின்றாலும் கேழ்வரகுக் களி கிண்டும் வாசனைதானே! ஆனால் பள்ளிக்கூடத்துக்கு டிபன் கட்டும்போது மட்டும் களியை அடியில் வைத்து, மேலே இரண்டு விரல் உயரம் வெள்ளைச் சோறு பரப்புவோம். மூடியைத் திறந்தால் டீச்சர் பிள்ளைகளும் நர்ஸ் பிள்ளைகளும் சிரிக்கக் கூடாது... அவ்வளவுதான். என் பிள்ளைகள் மேல்சோறு கலையாமல் ஓரத்தில் தோண்டித் தின்னப் பழகிக்கொண்டார்கள்.

வளர்த்தது களி. பெயர் வாங்கியது சோறு. இது நியாயமா?

"நில்லும்மா," என்றேன். "மறுபடி கேமராவைப் போடு. நான் சொன்னது பொய்யி."

மேரி பதறினாள். "ம்மா, சும்மா இரு! கேன்டீன்ல எல்லாரும் பாப்பாளுங்க. நாளைக்கே என்னை 'களி மேரி'ன்னு கூப்டுவாளுங்க. பேஜாராயிடும்."

"கூப்டட்டுமே! பன்னு துன்றவளுங்க உழுறாளுங்க. இத்தினி வருசத்துல நீ ஒரு நாளாச்சும் மயங்கி உழுந்திருக்கியாடி?"

தெருமுனையில் கம்பெனி பஸ் ஹார்ன் அடித்தது. மேரி பஸ்ஸைப் பார்த்தாள், கேமராவைப் பார்த்தாள். பிறகு பையிலிருந்து டிபன் பாக்ஸை எடுத்துத் திறந்தாள். வெள்ளைச் சோறு. விரலால் அதை ஒதுக்கினாள் — கீழே கருப்பாகக் களி.

நாற்பது வயதாகிறது அவளுக்கு. இன்னமும் களியைச் சோற்றால் மூடி எடுத்துக்கொண்டுதான் போகிறாள்... யார் சொல்லிக்கொடுத்தது? நான்தான்.

"சீக்கிரம் எடுங்க மேடம், பஸ்ஸு போய்டும்," என்றாள்.

நான் சொல்லச் சொல்ல இதை எழுதியவள் மேரியின் மகள். எங்கே கண்ணு, முழுசும் ஒரு தரம் படிச்சுக் காட்டு. 'களி'ன்னு வர்ற எடத்துல மட்டும் குரலைக் கம்மி பண்ணாத.