கிழிசலை விடாத கை

பேருந்தில் பக்கத்தில் உட்கார்ந்திருப்பவரின் சட்டையில் நூல் தொங்கினால்கூட என் சித்திக்கு இருப்புக்கொள்ளாது. கிழிசலைக் கண்டால் கை பரபரக்கும். அப்படிப்பட்டவளுக்குச் சினிமாவில் கிடைத்த முதல் வேலை, துணியைக் கிழிப்பது!

கப்பல் உடைந்து, ஆளில்லாத தீவில் ஒதுங்கிய ஒருவனின் கதை. பழைய நாவல் ஒன்றைப் படமாக எடுத்தார்கள். நாயகனுக்குப் படம் முழுக்க ஒரே சட்டை. அது வரவர நைந்துபோக வேண்டும். சித்தி அதைக் கல்லில் தேய்த்தாள், உப்புத் தண்ணீரில் ஊறப்போட்டாள், முதுகில் நீளமாகக் கிழித்தாள்.

வெளிநாட்டில் இருக்கும் எனக்கு ஒருநாள் நடுராத்திரியில் சித்தியிடமிருந்து போன். பதறி எடுத்தால், "நல்ல துணிடா, கிழிக்கவே மனசு வரல" என்று அழுகிறாள்.

அந்தச் சட்டையில் பிய்த்து வைத்த பொத்தானை மறதியில் தைத்துக் கொடுத்துவிட்டாள் ஒருநாள். "இன்னொரு தடவை இப்படி நடந்தா வீட்டுக்குப் போயிடுங்கம்மா" என்றார் உடைப் பொறுப்பாளர். அந்த வேலையை விட்டுவிட சித்திக்கு மனமில்லை. ஆனால் கை கேட்க வேண்டுமே! சட்டையை வீட்டுக்குக் கொண்டுவந்த ஒரு ராத்திரி, சித்தப்பாவோடு பேசிக்கொண்டே தன்னை அறியாமல் முதுகுக் கிழிசலையும் தைத்துவிட்டாள்.

மறுநாள் கடற்கரையில் நாயகன் திரும்பி நின்றதும் இயக்குநர் தலையில் கைவைத்தார்.

"ஆளே இல்லாத தீவுல இவருக்கு யாரும்மா டெய்லர் கடை வச்சுக் கொடுத்தது?"

எல்லோரும் சிரித்தார்கள். சித்தி ஓடிப்போய்ச் சட்டையைப் பார்த்தாள். தையலைப் பிரித்தாலும் ஊசித் துளைகள் கேமராவில் தெரியும்.

"அவரே தச்சுக்கிட்டார்னு வச்சுக்கோங்க சார். தனியா உட்கார்ந்து வேற என்னதான் பண்ணுவாரு?"

இயக்குநர் யோசித்தார். "சரி. ஆனா ஊசியே பிடிச்சறியாத ஆம்பளை தச்ச மாதிரி இருக்கணும்."

சித்தி பிரித்துத் தைத்தாள். நேராக வந்தது. இடக்கையால் தைத்தாள். அப்போதும் கோடு போட்ட மாதிரி! கடைசியில், சாப்பாடு கொண்டுவந்துவிட்டுக் குடை நிழலில் தூங்கி வழிந்துகொண்டிருந்த சித்தப்பாவை உலுக்கினாள்.

"ஏங்க, இதைத் தைங்க."

"நானா? எனக்குப் பொத்தான்கூட நீதானேடி தைப்பே?"

"அதனாலதான் சொல்றேன்."

விரலைக் குத்திக்கொண்டு, நாக்கைத் துருத்திக்கொண்டு தைத்து முடித்தார். நொண்டிப் பூரான் ஊர்ந்த மாதிரி ஒரு தையல். சித்தியின் கை தானாக நீண்டது. சித்தப்பா சட்டையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டார்.

"தொடாதேடி! வேலை போயிடும்."

"இதுதான், இதேதான்!" என்றார் இயக்குநர். சித்தியின் வேலை பிழைத்தது.

படம் வந்ததும் இருவரும் தியேட்டருக்குப் போனார்கள். எப்படி இருந்தது என்று போனில் கேட்டேன்.

"உன் சித்தப்பா மானத்தை வாங்கிட்டாருடா. 'அது என் தையல்'னு வரிசை பூரா சொல்றாரு."

"நீ படத்தைப் பார்த்தியா இல்லையா?"

"எங்கடா பார்க்க விட்டுச்சு? அந்த முதுகுல ஒரு நூல் தொங்கிக்கிட்டே இருந்துச்சு."