மிச்சிகோவுடைய தாத்தாவின் பத்திரிகை

போன வாரம் குளிர் கோட்டுகளை எடுக்க பேஸ்மென்டில் இருந்த பெட்டியைத் திறந்தேன். பாச்சை உருண்டை வாசனை குப்பென்று அடித்தது. மற்றவர்களுக்கு அந்த வாசனையில் பட்டுப்புடவை ஞாபகம் வரும். எனக்கு ஜப்பானிய பௌத்தம்தான் வந்தது.

சிரிக்காதீர்கள். இன்று இன்ஷூரன்ஸ் கம்பெனியில் டேட்டாவோடு மாரடிக்கிற நான், ஒரு காலத்தில் ஆறு வருஷம் அதைத்தான் ஆராய்ந்தேன். போன நூற்றாண்டில் ஜப்பானில் சில குருமார்கள், எல்லா மதமும் எல்லா நாடும் கை கோக்க வேண்டும் என்று எழுதிக் குவித்தார்கள். அவர்களைப் பற்றி நான் படிக்க, என் மனைவி நஸ்ரீன் ஐ.டி. வேலைக்குப் போய்ச் சோறு போட்டாள். நாங்கள் அப்போது குடியிருந்த மான்மவுத் ஜங்ஷனில், ஆளுக்கொரு பண்டம் கொண்டுவந்து கூடிச் சாப்பிடும் எந்த பாட்லக்குக்குப் போனாலும் யாராவது ஒரு அங்கிள் பிரியாணித் தட்டோடு பக்கத்தில் வந்து உட்காருவார்.

"பி.எச்.டி. ஓகே தம்பி. ஆனா ஜாப்பனீஸ் புத்திசம்னா, மார்க்கெட்ல ஓப்பனிங் இருக்கா?"

"இல்ல அங்கிள்."

"அப்ப சைடுல ஜாவா கத்துக்கலாமே?"

கடைசியில் அதைத்தான் செய்தேன், அது வேறு கதை.

பாச்சை உருண்டைக்கு வருகிறேன். மகளின் டேகேர் வாசலில் மிச்சிகோ பழக்கமானாள். ஈஸ்ட் பிரன்ஸ்விக்கில் வீடு, மருந்து கம்பெனியில் கெமிஸ்ட், என் வயதுதான். என் ஆராய்ச்சியைக் கேட்டு வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். அவளுடைய தாத்தா ஜப்பானில் சின்ன ஊர் ஒன்றில் பௌத்தக் கோயில் குரு; தனியாளாக ஒரு பத்திரிகை நடத்தியவராம். அந்த இதழ்களெல்லாம் அவள் அலமாரியில் ஒரு பெட்டி நிறைய, பாச்சை உருண்டைகளோடு இருந்தன. பழம் நழுவிப் பாலில் விழுந்தது எனக்கு.

அதன்பின் சனிக்கிழமைக் காலைகள் அவள் வீட்டுச் சமையலறை மேஜையில்தான். நஸ்ரீன் சுட்டுக் கொடுக்கும் இறால் வாடாவை எடுத்துப் போவேன். எனக்குப் பிடிபடாத பழைய எழுத்துகளை மிச்சிகோ ஆங்கிலத்தில் சொல்லச் சொல்ல நான் எழுதிக்கொள்வேன். எண்ணெய்க் கையோடு தாளைத் தொட்டால் ஒரு அடி விழும். உலகத்துக்கே பொதுவாக எஸ்பெராண்டோ என்று ஒரு மொழியை உண்டாக்கினார்களே, அதில்கூடத் தாத்தா அரைப்பக்கம் எழுதுவார். உலகம் முழுவதும் ஒரே கூரைக்குக் கீழே வாழ வேண்டும் என்பது அவர் கனவு. படிக்கப் படிக்க அவர் எனக்கே தாத்தாவாகிப் போனார்.

ஜப்பான் போரில் இறங்கிய சமயத்தில் வந்த கடைசி இதழ் மட்டும் இல்லை. தொலைந்துவிட்டது என்றாள். எல்லா இதழையும் பார்க்காமல் முடிவு எழுதக் கூடாது என்பது எங்கள் தொழிலில் அரிச்சுவடி. நானோ, 'போருக்குத் தலைவணங்காத குரு' என்று என் ஆய்வேட்டில் அவரைப் பற்றிய அத்தியாயத்துக்குத் தலைப்பே வைத்துவிட்டேன்.

எப்போதோ கேட்டு வைத்திருந்த கடைசி இதழின் நகல் ஒரு நூலகத்திலிருந்து வந்து சேர்ந்தது. ஒரே கூரை என்ற அதே மனிதர், அந்தக் கூரை ஜப்பானுடையது, அதைத் தாங்கப் போகும் படைவீரர்கள் புண்ணியவான்கள் என்று எழுதியிருந்தார். எழுதினால் மிச்சிகோவின் சிநேகம் போகும். எழுதாவிட்டால் நான் படித்த படிப்புக்கு அர்த்தமில்லை.

"எழுதாம விட்டா அது என்னங்க ரிசர்ச்?" என்றாள் நஸ்ரீன். "ஆனா அவங்ககிட்ட நேர்ல சொல்லிட்டு எழுதுங்க."

நேரில் சொல்ல எனக்கேது தைரியம்? திருத்திய அத்தியாயத்தை ஈமெயிலில் அனுப்பிவிட்டு, ஒரு வாரம் டேகேருக்கு நஸ்ரீனையே போகவைத்தேன்.

சனிக்கிழமை மிச்சிகோ எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டாள். கையில் கடைசி இதழ். அது தொலையவே இல்லை. எனக்குப் பெட்டியைத் திறந்து காட்டும் முன்பே எடுத்து ஒளித்திருக்கிறாள்.

"நீயாவது அவரை நல்லவராகப் பார்க்கட்டும் என்றுதான்," என்றாள் ஆங்கிலத்தில். பிறகு கேட்டாள்: "அப்படியானால் முன்னால் எழுதியதெல்லாம் பொய்யா?"

வரிக்கு வரி அடிக்குறிப்பு போடுகிற நான், அடிக்குறிப்பு எதுவும் இல்லாமலே, "பொய் இல்லை என்றுதான் நினைக்கிறேன்" என்றேன். இருவருக்கும் அழுகை வந்துவிட்டது. நஸ்ரீன் டீயைக் கொண்டுவந்து வைத்தாள். அடுத்த சனிக்கிழமையும் நான் அந்த மேஜைக்குப் போனேன்.

மிச்சிகோ குடும்பம் பிறகு நாட்டின் மறுகோடியில் சான் ரமோன் பக்கம் போய்விட்டது. டேகேர் இருந்த இடத்தில் இப்போது பல் டாக்டர். நான் படித்த துறையில் ஜப்பானிய மதத்துக்கென்று இருந்த ஒரே பேராசிரியர் பதவியையும் எடுத்துவிட்டார்கள். தாத்தாவின் பத்திரிகையை மட்டும் யாரோ ஸ்கேன் செய்து இணையத்தில் ஏற்றியிருக்கிறார்கள். நல்ல காரியம்தான், ஆராய்ச்சி செய்தவன் சந்தோஷப்பட வேண்டும். முதல் இதழிலிருந்து கடைசி இதழ் வரை ஒன்று விடாமல் வரிசையாக இருக்கிறது. அவர்மேல் பாசம் வைத்த ஒருத்தி, ஒன்றை மட்டும் எடுத்து ஒளித்துவைக்க இனி வழியில்லை.