அண்ணன் ஓட்டிய விமானம்

எங்கள் ஊர் ஆஸ்பத்திரி குவார்ட்டர்ஸ் அறையில் நர்ஸ் அக்கா இருந்தார். அவர் வீட்டுக்காரர் சேவியர் அண்ணன் கம்ப்யூட்டர் முன்னால் இருந்தார். பக்கத்து நாற்காலியில் என் அண்ணன் முருகேசன். உட்காரச் சொல்லியும் உட்காராமல் கதவைப் பிடித்துக்கொண்டு அம்மா. ஆறாவது படித்துக்கொண்டிருந்த நான் தரையில். விமானத்தின் இரைச்சல் ஸ்பீக்கரில் மாவு மில் மாதிரி ஓடியது. உட்கார்ந்த இடத்தில் தரை அதிர்ந்தது.

அண்ணனுக்குத் துபாயில் டிரைவர் வேலை கிடைத்திருந்தது. அப்பா போன பிறகு அவனைச் சந்தைக்கு அனுப்பவே யோசிக்கிறவள் அம்மா. "ஆகாசத்துல எதப் புடிச்சுக்கிட்டு நிக்கும் அது?" என்பாள். அந்தப் பயத்தைத் தெளிய வைக்கத்தான் சேவியர் அண்ணன் எங்களைக் குவார்ட்டர்ஸுக்குக் கூப்பிட்டார். அவருக்கு ஓய்வு கிடைத்தால் கம்ப்யூட்டர் விளையாட்டில் குச்சியைப் பிடித்துப் பெரிய விமானம் ஓட்டுவதுதான் வேலை. நிஜத்தில் உள்ள பொத்தான் எல்லாம் இதிலும் உண்டு என்பார்.

"எனக்குத் தாலியக் கட்டிட்டு இந்தக் குச்சியத்தாம்மா புடிச்சிட்டு உக்காந்திருக்காரு" என்றார் நர்ஸ் அக்கா. அம்மாகூடச் சிரித்தாள்.

சேவியர் அண்ணன் திருச்சியில் விமானத்தைக் கிளப்பினார். மேலே ஏற்றிவிட்டு, குச்சியை அண்ணன் கையில் கொடுத்தார். நன்றாகத்தான் ஓட்டினான். காவேரி தெரிந்தது. அம்மா கதவை விட்டு வந்து கட்டிலில் உட்கார்ந்தாள்.

"நம்ம ஊடு தெரியுமா சாமி?"

"காட்டுறேன் பாருங்கம்மா." அண்ணன் எங்கள் மலைப்பக்கம் திருப்பினான். ஊடு தெரிய வேண்டுமே என்று இறக்கினான். "மூவாயிரம் அடி. போதுங்களா?"

கீழே துறையூர்ப் பக்கத்து வயல்கள் எங்கோ பாதாளத்தில் கிடந்தன. ரொம்ப உயரம் என்றே எங்களுக்குத் தோன்றியது. மலைமேலேயே இருக்கிறவர்களுக்கு மலையின் உயரம் நினைவில் இருப்பதில்லை. எங்கள் ஊடு மூவாயிரம் அடிக்கும் மேலே இருக்கிறது.

"ஏத்து தம்பி, ஏத்து!" என்று சேவியர் அண்ணன் கையை நீட்டுவதற்குள் திரை முழுக்கப் பச்சைச் சுவர் வந்தது. இரைச்சல் நின்றது.

"பொம்மைதானுங்கம்மா" என்று அண்ணன் சிரித்தான்.

அம்மா எழுந்தாள். "ஊட்டுக்கு வாரப்பத்தான மோதுச்சு" என்றாள்.

அன்றைக்கே பாஸ்போர்ட்டைச் சாமை மூட்டைக்கு அடியில் வைத்தாள். வைத்த இடம் அண்ணனுக்குத் தெரியும். எடுக்கவில்லை. போக வேண்டிய நாளில் மரவள்ளிக்குக் களை வெட்டினான்.

நர்ஸ் அக்கா மாற்றலாகிப் போய்விட்டார். குவார்ட்டர்ஸை இடித்துவிட்டார்கள். பாஸ்போர்ட்டுக்கும் தேதி முடிந்து வெகுநாள் ஆகிறது. அண்ணன் சோளக்காடு ஊர்ச் சந்தையில் மிளகும் பலாவும் ஏற்றிக்கொண்டு தினமும் மினி லாரியில் நாமக்கல் போய் வருகிறான். மழையோ பனியோ, அவன் வந்து சேரும் வரை அம்மா சோற்றில் கை வைப்பதில்லை. "அன்னைக்கே அனுப்பியிருக்கலாம் கண்ணு" என்று என்னிடம் சொல்வாள். அவனிடம் சொன்னதில்லை.

மலைப்பாதையில் கொண்டை ஊசி வளைவு இறங்க எழுபது, ஏற எழுபது. நாளொன்றுக்கு நூற்று நாற்பது.