உடுப்பில்லாத படமும் உடுத்த ஊரும்

உடுப்பில்லாத உடம்பைக் கலைப்படமாக எடுக்கிற தொழிலுக்கு ஆகக்கூடுதலாகத் தேவைப்படுவது துணி. யன்னலை மறைக்கத் துணி, பின்னுக்குத் தொங்கவிடத் துணி, படம் எடுக்காத நேரம் போர்த்திக்கொள்ளத் துணி. கலியாண வீடும் சாமத்திய வீடும் படம் எடுத்துச் சோறு தின்கிறவள் நான். மிச்ச நேரத்தில், வளர்ந்த மனிசர் விரும்பி வந்தால், கொக்குவிலில் என் வீட்டுப் பின்னறையில் இந்தப் படங்களை எடுக்கிறேன். கமரா தூக்கித் திரிகிற சகோதரங்களே, மாப்பிள்ளையின் தாயிடம் "கொஞ்சம் சிரியுங்கோ அன்ரி" என்று கெஞ்சினவர்கள் நீங்கள். என் பாடு உங்களுக்குத்தான் விளங்கும்.

கறுப்புத் துணி

பளபளப்பில்லாத கறுப்புத் துணி வேண்டி யாழ்ப்பாணத்தில் ஒரு கடைக்குப் போனேன். சுவரை மூடுகிற அளவுக்கு வெட்டச் சொன்னதும், என்னத்துக்கு என்று கேட்டார் முதலாளி. உள்ளதைச் சொல்ல முடியுமா? "ஒரு பொது அலுவலுக்கு" என்றேன்.

கத்தரிக்கோல் பாதியில் நின்றது. அவர் மனதில் எத்தனை கறுப்புக்கொடி பறந்ததோ தெரியாது. வாசலை எட்டிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்: "ஹர்த்தால் எண்டைக்குப் பிள்ளை? முதலே சொன்னால் நாங்களும் கடையைப் பூட்டியிடலாம்."

மேலே ஒருவர்

சுபா நடனம் படிப்பிக்கிறவள், என் வயதுக்காரி. அவள் படத்துக்கு வந்த அன்றைக்கு வெளிச்சத்துக்காக மேல் யன்னலை மட்டும் திறந்து விட்டிருந்தேன். மதில் இருக்கிறது, அந்த உயரத்தில் எவர் பார்க்கப்போகிறார் என்ற நம்பிக்கை. அவள் அசையாமல் நிற்க, நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு கமராவை அமத்தப் போக, "அம்மாளாச்சி!" என்று வானத்திலிருந்து ஒரு அலறல்.

பக்கத்து வளவில் தேங்காய் பிடுங்க ஏறினவர். சுபா துணிக்குள் புகுந்துவிட்டாள். நான் வெளியே ஓடிப் பார்த்தால், மனிசன் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு மரத்தைக் கட்டிப்பிடித்தபடி இருக்கிறார். மன்னிப்புக் கேட்டு, இறங்கச் சொன்னேன். "அந்தத் தங்கச்சி உடுப்புப் போட்டிட்டா எண்டு சொல்லும், பிறகு கண்ணைத் திறக்கிறன். கெதியாய்ச் சொல்லும் பிள்ளை, முசுறு கடிக்குது!"

முகம் வராதாம்

பரமு அண்ணை புத்தூரில் வெங்காயம் செய்கிறவர். தோட்டத்தில் மண்வெட்டியோடு குனிந்து நின்ற அந்த முதுகைக் கண்டுதான், படம் எடுக்கலாமோ என்று கேட்டேன். மனிசியும் கூட வருவதென்றால் சம்மதம் என்றார். வந்தார். தலைக்கு மை, மீசைக்குக் கத்தரி, முகம் முழுக்கப் பவுடர்.

"அண்ணை, முதுகுதான் எடுக்கிறன். முகம் வராது" என்றேன். மற்ற ஆட்களுக்கு இதைக் கேட்டால்தான் போன உயிர் திரும்பி வரும். இவருக்கு இருந்த உயிரும் போனது. "முகம் வராட்டில் நான்தான் எண்டு சனத்துக்கு எப்பிடித் தெரியும்?"

ஒருமாதிரிச் சமாதானமாகி, வேட்டியை மடித்துக் கதிரையில் வைத்துவிட்டுத் திரும்பி நின்றார். கொஞ்சம் பக்கவாட்டாக நிற்கச் சொல்லி, "வயிற்றை உள்ளுக்கு இழுங்கோ" என்றேன். உடனே இழுத்தார். மூலையில் இருந்த மனிசிக்குப் பொறுக்கவில்லை. "கலியாணம் கட்டின நாள் தொட்டு நான் சொல்லிப் போகாத வண்டி வயிறு, உவள் பிள்ளை ஒருக்காச் சொல்ல எங்கை போச்சுது பாருங்கோ!"

வசந்தா ரீச்சர்

வடகரைக் கடலோடிக் குடும்பத்தில் பிறந்து, கடலோடி ஒருவரையே கட்டினவர் வசந்தா ரீச்சர். புற்றுநோய் ஒப்பரேசனில் ஒரு பக்க மார்பை எடுத்துவிட்டார்கள். தானாகத்தான் என்னைத் தேடி வந்தார். "அதுக்குப் பிறகு நான் என்னைப் பாக்கிறேல்லை. நீர் எடும். படத்திலை பாக்கிறன்" என்றார்.

போர்வையை விலக்கினார். எனக்குத்தான் கை நடுங்கியது. அதைக் கண்டதும் அவருக்குள் இருந்த வகுப்பறை விழித்துக்கொண்டது. "நேராய் நில்லும் பிள்ளை. கை ஆடினால் படம் கலங்கும்." மூக்குக்கண்ணாடியைக் கழற்றலாமோ என்று கேட்டதற்கும் மறுத்துவிட்டார். நான் ஒழுங்காக வேலை செய்கிறேனா என்று அவர் பார்க்க வேண்டுமாம். எனக்குச் சிரிப்பு வந்தது. அவரும் சிரித்தார். அந்தக் கணத்தில் அமத்தினேன்.

கமராவில் காட்டினேன். பார்த்தார். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு திரும்பவும் பார்த்தார். நான் அழுகையை எதிர்பார்த்துக் கைலேஞ்சியைத் தேடிக்கொண்டிருந்தேன். "ஓம். நான்தான். தலையை ஒருக்கால் சீப்பாலை இழுத்துக்கொண்டு வந்திருக்கலாம்."

பெரியாக்களுக்கு மட்டும்

சம்மதம் தந்தவர்களின் படங்களை மட்டும் வைத்து நகரத்தில் ஒரு சின்னக் கண்காட்சி செய்தேன். மண்டபக்காரர் பயந்து வாசலில் 'பெரியாக்களுக்கு மட்டும்' என்று எழுதி ஒட்டினார். அதைவிட நல்ல விளம்பரம் கிடையாது. சனம் நெருக்கியடித்து வந்து, காற்றாடியைப் பார்த்தது, நிலத்தைப் பார்த்தது, பிறகு கள்ளமாகப் படத்தையும் பார்த்தது.

பின்னேரம் வசந்தா ரீச்சர் கணவரோடு வந்தார். கப்பலில் வேலை பார்த்து ஓய்ந்த மனிசன். அவர் அந்தப் படத்தை அதுவரை காணவில்லை என்று ரீச்சர் அப்போதுதான் என் காதுக்குள் சொன்னார். படத்துக்கு முன்னால் அவர் நின்றார், நின்றார், நின்றுகொண்டேயிருந்தார். ரீச்சர் கைப்பையின் வாரை முறுக்கிக்கொண்டு பக்கத்தில் நின்றார். பின்னாலிருந்து ஒருவர் மற்றவரிடம் "உது ஆர்?" என்று குசுகுசுத்தார்.

மனிசன் திரும்பினார். கடல் காற்றுக்கு மேலாகக் கதைத்துப் பழகின குரல். "என்ரை மனிசி! வடிவாய் இருக்கிறா, என்ன?"

கண் கலங்கியும் காது சிவந்தும் நின்ற ரீச்சர் அவருடைய சேட்டுக் கையைப் பிடித்து இழுத்தார். "இஞ்சாருங்கோ, மெல்லக் கதையுங்கோ. என்னட்டைப் படிச்சவங்கள் நிக்கிறாங்கள்!"

நான் கண்ட மட்டில், எங்கடை சனம் உடுப்பில்லாமல் நின்றாலும் நிற்கும், அபிப்பிராயம் இல்லாமல் ஒரு நிமிசம் நிற்காது.