முள்ளில் தொங்கிய சாமிக் கயிறு

இதை எழுதலாமா வேண்டாமா என்று வருசக்கணக்கில் தயங்கினேன். வீட்டுக்காரர் மானம் போய்விடுமே என்ற பயம். இப்போது அவரே, "எழுது, எதையும் மறைக்காம எழுது" என்று சொல்லிவிட்டார்.

திருச்சுழிப் பக்கம் எங்கள் ஊர். அவருக்குப் பந்தல்குடியில் லோடு இறக்குற வேலை. குடியால் வீட்டில் நிம்மதி இல்லை. அய்யனாரிடம் நான் அழாத நாள் கிடையாது. ஒரு ஆடி மாசம், இனிமேல் குடிப்பதில்லை என்று கோயிலில் கயிறு கட்டிக்கொண்டார். "மூட்டை தூக்குற கை, கொஞ்சம் லூசாக் கட்டுங்க பூசாரி" என்றார். நானும் பக்கத்தில் கைகூப்பிக்கொண்டுதான் நின்றேன்.

நம்பினேன். வாடை வந்தபோதும், "கூட நின்னவன் குடிச்சிருந்தான்" என்று அவர் சொன்னதை நம்பினேன். கையில்தான் கயிறு இருந்ததே.

மகளுக்குக் காய்ச்சல் என்று ஒருநாள் அவரைத் தேடிப் போனேன். மதுக்கடைக்குப் பக்கத்தில் ஒரு கருவேல மரம். முள்ளில் நாலைந்து சாமிக் கயிறு தொங்கியது. கடையிலிருந்து வெளியே வந்த என் வீட்டுக்காரர் அதில் ஒன்றை எடுத்து, கண்ணில் ஒற்றி, கையில் மாட்டினார். அப்புறம்தான் என்னைப் பார்த்தார். "சாமியோட உள்ள போகலடி" என்றார், என்னவோ பெரிய மரியாதை செய்ததுபோல.

அடித்திருந்தால்கூட அப்படி வலித்திருக்காது. லூசாகக் கட்டச் சொன்ன அன்றைக்கே முடிவு பண்ணியிருக்கிறார். நேரே கோயிலுக்குப் போனேன். "அய்யா, நீயும் பாத்துக்கிட்டுத்தான இருந்த? அவுகளும் துணையில்ல, நீயும் துணையில்ல. ஒரு மனுசனையாவது அனுப்பு" என்று கத்தினேன்.

அந்த வாரமே ஒருத்தர் வந்தார். கருப்பையா. முன்பு இவரோடு லோடு இறக்கியவர், சேர்ந்து குடித்தவர். எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது.

"உங்க கயிறும் அந்த மரத்துல தொங்குனதுதானே?"

"தொங்குனதுதான் மதினி. இப்ப விட்டுட்டேன். அருப்புக்கோட்டையில குடிய விட்டவுக ஞாயித்துக்கிழமை கூடிப் பேசுறோம். அண்ணனையும் அதுக்குக் கூப்பிடத்தான் வந்தேன். அண்ணன் சொல்ற பொய்யெல்லாம் நானும் சொன்னதுதான். என்கிட்ட செல்லாது."

மனசில்லாமல்தான் உள்ளே விட்டேன். அன்றிலிருந்து வேலை முடிகிற நேரத்துக்கு வந்து நின்று, கடையைத் தாண்டி இவரைக் கூட்டி வந்தார். நடுவில் ஒருமுறை இவர் மறுபடி குடித்துவிட்டார். அந்தக் கூட்டத்து ஆட்கள் எங்கள் வீட்டுக்கே வந்துவிட்டார்கள். யாரும் புத்தி சொல்லவில்லை. அவரவர் செய்த ஏமாற்றைச் சொன்னார்கள். இவரும் கயிற்றுக் கதையைச் சொல்லி அழுதார். "ஏலே, நான் பைக் கண்ணாடியில மாட்டிட்டுப் போவேன்" என்றார் ஒருத்தர். அழுதுகொண்டிருந்தவர் சிரித்துவிட்டார்.

அதற்குப் பிறகு இவர் குடியைத் தொடவில்லை. இப்போது இவரும் இன்னொருத்தரைக் கடை தாண்டிக் கூட்டி வருகிறார். ஆனாலும் நான் தினமும் சட்டையை மோந்து பார்க்கிறேன். அவர் கோபப்படாமல் கழற்றித் தருகிறார். அய்யனாருக்கு நன்றி சொல்லிவிட்டுத்தான் படுக்கிறேன்.

நீங்களும் கேளுங்கள், கிடைக்கும். உங்களுக்குப் பிடிக்காத முகத்தோடு உதவி வந்தாலும் கதவைத் திறங்கள். இதை நாலு பேருக்குச் சொல்லுங்கள். சொல்லும்போது அந்தக் கருவேல மரத்தை விட்டுவிட்டு, கயிறு கட்டியதும் குடி நின்றது என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். அப்படி யாரோ சொன்னதை நம்பித்தான் அன்றைக்கு நான் கைகூப்பி நின்றேன்.